நான் சொல்லிக்கொடுத்த பொய்யும் கனடாவின் பனிப் படங்களும்



நீளமான பதிவு. பாதி படித்துவிட்டு "அருமை டீச்சர்" என்று கைகூப்பும் பொம்மை போடுகிறவர்கள் யார் யார் என்று எனக்குத் தெரியும். வகுப்பில் இருந்தபோதே தெரியும். இந்த முறை முழுதாகப் படியுங்கள். படித்துவிட்டுத் திட்டினாலும் சரி.

போன வாரம் 1988 பேட்ச் மாணவன் ஒருவன் போன் செய்தான். இப்போது ஒரு நடுநிலைப் பள்ளியில் தலைமையாசிரியர். பேர் சொன்னால் கோபித்துக்கொள்வான். "டீச்சர், லேப்ல எங்களுக்கு ஒரு எஸ்கிமோ படம் போட்டுக் காட்டினீங்களே, அது இப்ப யூடியூப்லயே கிடைக்குது. வெள்ளிக்கிழமை எங்க பிள்ளைங்களுக்குப் போடப் போறேன். ஒரு பக்கம் முன்னுரை எழுதிக் குடுங்க" என்றான். எனக்கு வாயெல்லாம் பல். இத்தனை வருஷம் கழித்தும் ஒருவன் ஞாபகம் வைத்திருக்கிறான் என்றால் ஒரு வாத்தியாருக்கு வேறென்ன வேண்டும்? உடனே சரி என்றேன்.

அன்று ராத்திரி படத்தை மறுபடி பார்த்தேன். மறுநாள் காலை அவனைக் கூப்பிட்டு, "போடாதே" என்றேன்.

"நீங்கதானே டீச்சர் காட்டினீங்க?"

அந்தக் கேள்விக்குத்தான் இந்தப் பதிவு.

படத்தின் பேர் 'நானூக் ஆஃப் தி நார்த்'. 1922-ல் வெளிவந்த ஊமைப் படம். எடுத்தவர் ராபர்ட் ஃபிளாஹெர்ட்டி. உங்களில் சிலருக்கு அந்த சனிக்கிழமை ஞாபகம் இருக்கலாம். ஒரு திரைப்படச் சங்கத்தில் 16 எம்.எம். சுருளும் புரொஜெக்டரும் இரவல் வாங்கி, ஆய்வகத்து ஜன்னல்களைக் கறுப்புத் துணியால் மூடி, வியர்வையில் நனைந்துகொண்டே பனிப் பிரதேசம் பார்த்தோம். திரையில் வந்த ஆங்கில எழுத்துகளை நான்தான் உரக்கத் தமிழில் சொல்லிக்கொண்டே போனேன். "இவர்தான் நானூக். இவர் மனைவி நைலா. இவர்களுக்கு நாகரிக உலகமே தெரியாது." என் குரலில் கேட்டீர்கள், நம்பினீர்கள். வெள்ளைக்கார வியாபாரி கிராமபோனை வைத்ததும் நானூக் இசைத்தட்டை எடுத்துப் பல்லால் கடித்துப் பார்க்கும் இடத்தில் ஆய்வகமே சிரித்தது. நானும்தான் சிரித்தேன்.

அந்த மனிதரின் பேர் நானூக் இல்லை. அலாகரியலாக். நைலா அவர் மனைவியும் இல்லை. படம் எடுத்த இடம் ஹட்சன் விரிகுடாவின் கிழக்குக் கரையில் உள்ள இனுக்ஜுவாக். அங்கே ரெவியோன் என்ற பிரெஞ்சு ரோம வியாபாரக் கம்பெனியின் கிடங்கு இருந்தது. படத்துக்குப் பணம் போட்டதும் அந்தக் கம்பெனிதான். கம்பெனிக் கிடங்கு இருந்த ஊரில் கிராமபோன் தெரியாதா? துப்பாக்கியும் தெரியும், எல்லாம் தெரியும். ஆனால் படத்தில் ஈட்டிதான் வேண்டும் என்று முடிவானது. வால்ரஸ் வேட்டையின்போது அந்தப் பெரிய மிருகத்தைக் கயிற்றில் பிடித்துத் தாக்குப்பிடிக்க முடியாமல், துப்பாக்கியை எடுங்கள் என்று வேட்டைக்காரர்கள் கத்தியிருக்கிறார்கள். புரியாத மாதிரி நடித்துக்கொண்டு கேமராவைச் சுற்றிக்கொண்டே இருந்தேன் என்று ஃபிளாஹெர்ட்டியே பின்னால் எழுதினார். அதைப் பெருமையாக வேறு எழுதினார்.

பனிக்கட்டியில் ஓட்டை போட்டு, நானூக் ஒரு சீலோடு கயிறு இழுக்கும் போட்டி மாதிரி உருண்டு புரளும் காட்சி இருக்கிறதே, நீங்கள் கைதட்டினீர்களே, அதில் கயிற்றின் மறுமுனையை ஆட்கள்தான் இழுத்தார்கள். மேலே வந்த சீல் எப்போதோ செத்தது. பனிவீடு பெரிதாக, ஒரு பக்கம் திறந்தபடி கட்டப்பட்டது. அந்தக் காலத்துக் கேமராவுக்கு உள்ளே வெளிச்சம் போதாதே. குடும்பம் நிம்மதியாகத் தூங்கி எழும் காட்சியை உண்மையான குளிரில் நடுங்கிக்கொண்டு நடித்தார்கள்.

இதோடு இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். என் நெஞ்சில் இதைவிட அதிகம் உறுத்துவது அது.

மக்கள்தொகைப் பாடம் நடத்தும்போதெல்லாம் நான் ஒரு கதை சொல்வேன். துருவப் பகுதியில் லெம்மிங் என்று ஒரு வகை எலி. எண்ணிக்கை பெருகிவிட்டால் கூட்டம் கூட்டமாக ஓடிப்போய்க் கடலில் குதித்து உயிரை விட்டுவிடும். எலிக்கு இருக்கும் பொறுப்பு மனிதனுக்கு இல்லையே! வருஷம் தவறாமல் சொன்னேன். பரீட்சைத் தாளில் திருப்பி எழுதியவர்களுக்கு மார்க்கும் போட்டேன். அது சுத்தப் பொய். கதை பழையதுதான், ஆனால் உலகத்தை நம்பவைத்தது 1958-ல் டிஸ்னி கம்பெனி எடுத்த 'வைட் வில்டர்னஸ்' என்ற ஆவணப்படம். சிறந்த ஆவணப்படம் என்று ஆஸ்கர் வாங்கிய படம். அந்தக் காட்சியை எடுத்தது கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தில். உலக வரைபடத்தை எடுத்துப் பாருங்கள், ஆல்பர்ட்டாவுக்குக் கடலே கிடையாது. அந்த எலியும் அங்கே இயற்கையாகக் கிடையாது. மானிடோபாவில் இனுயிட் சிறுவர்களிடம் காசு கொடுத்து வாங்கிக்கொண்டு வந்த எலிகள். பனி தூவிய சுழல்மேசையில் ஓடவிட்டு, கொஞ்ச எலிகளைப் பெருங்கூட்டமாகக் காட்டி, கடைசியில் ஆற்றங்கரைச் சரிவிலிருந்து தண்ணீரில் தள்ளினார்கள். தற்கொலை இல்லை, கொலை. 1982-ல் கனடா அரசு ஒலிபரப்பான சிபிசி இதை ஒரு நிகழ்ச்சியில் வெளிச்சத்துக்குக் கொண்டுவந்தது. நான் அதற்குப் பிறகும் இருபது வருஷம் அந்தக் கதையைச் சொல்லியிருக்கிறேன்.

நடந்தது நடந்துவிட்டது, பழைய படத்தில் கொஞ்சம் கற்பனை கலந்தால் குடியா மூழ்கிவிட்டது என்று கேட்கலாம். டொரோண்டோவில் இருக்கும் என் அண்ணன் மகன் குடும்பக் குழுவில் அதைத்தான் கேட்டான். "அத்தை, நூறு வருஷத்துக்கு முந்தின படம். கலைன்னு பார்த்துட்டுப் போங்களேன். அவர் எடுக்கலைன்னா அந்த முகங்களே நமக்குக் கிடைச்சிருக்காது." அவன் சொல்வதில் நியாயம் இருக்கிறது. நானும் அந்த முகங்களை ரசித்தவள்தான். நாய்க்குட்டியைப் பனிவீட்டுக்குள் வைத்துக் காக்கும் காட்சிக்கு இப்போதும் கண் கலங்குகிறது. ஆனால் குடி மூழ்கியதா என்று கேட்டாய் அல்லவா? மூழ்கியது. கேள்.

படத்தில் நடித்த பெண்களில் ஒருவர் மேகி நுஜார்லுக்டுக். ஃபிளாஹெர்ட்டி ஊர் திரும்பிய பிறகு 1921 கடைசியில் அவருக்கு ஒரு மகன் பிறந்தான். ஃபிளாஹெர்ட்டியின் மகன். பேர் ஜோசஃபி. தகப்பன் திரும்பி வரவே இல்லை, ஏற்றுக்கொள்ளவும் இல்லை. அந்த ஜோசஃபி வளர்ந்து, கல்யாணமாகி, பிள்ளைகள் பெற்ற பிறகு, 1955-ல் கனடா அரசாங்கம் அவரைக் குடும்பத்தோடு கப்பலேற்றி கிரைஸ் ஃபியோர்டுக்கு அனுப்பியது.

இங்கே பூகோள டீச்சர் ஒரு நிமிஷம் குறுக்கே வருகிறாள். இனுக்ஜுவாக் 58 பாகை வடக்கில் இருக்கிறது. ஸ்டாக்ஹோமுக்கும் கொஞ்சம் தெற்கே! அங்கே குளிர்காலத்திலும் தினமும் சூரியன் வரும், புதரும் பெர்ரிப் பழமும் உண்டு. கிரைஸ் ஃபியோர்ட் 76 பாகை வடக்கில். ஏறத்தாழ 2,000 கிலோமீட்டர் வடக்கே. மாதக்கணக்கில் சூரியனே உதிக்காது. வேட்டைக்குரிய மிருகங்களும் வேறு, கடலின் சுபாவமும் வேறு. 1953-லும் 1955-லும் இப்படி இனுக்ஜுவாக்கிலிருந்து குடும்பங்களைக் கிளப்பி கிரைஸ் ஃபியோர்டிலும் ரெசொல்யூட்டிலும் கொண்டுபோய் விட்டார்கள். நல்ல வேட்டை கிடைக்கும், பிடிக்காவிட்டால் இரண்டு வருஷத்தில் திரும்பி வரலாம் என்று வாக்கு. அந்த வாக்கு காப்பாற்றப்படவில்லை. ஆளில்லாத வட தீவுகள் எங்களுடையவை என்று உலகத்துக்குக் காட்ட எங்களைக் கொடிக்கம்பமாக நட்டார்கள் என்று அந்த மக்கள் சொல்கிறார்கள். அரசாங்கம் மன்னிப்புக் கேட்டது 2010-ல்.

இப்போது என் கேள்வி. ஏற்கெனவே துப்பாக்கியும் கடையும் பள்ளியும் தேவாலயமும் பார்த்துவிட்ட ஒரு மக்களை, ஒரு நோட்டுப் புத்தகமும் கடைச் சரக்கும் இல்லாமல் பனியில் இறக்கிவிட்டால் பிழைத்துக்கொள்வார்கள் என்று ஒரு அதிகாரிக்கு எப்படித் தோன்றும்? யார் அவருக்கு அந்தப் படத்தை மனசில் பதித்தது? அவருக்குப் பனி என்றாலே இனுயிட், இனுயிட் என்றாலே பனி. எந்தப் பனி, எந்த அட்சரேகை என்பதெல்லாம் தேவையில்லை. அந்த அதிகாரிகள் ஒவ்வொருவரும் உட்கார்ந்து 'நானூக்' பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டார்கள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் கனடாவும் உலகமும் அந்த மக்களைத் தெரிந்துகொண்டது அந்த வகைப் படங்களில்தான். நாமும் அப்படித்தானே தெரிந்துகொண்டோம்?

இவ்வளவும் ஒரு அமெரிக்கர், பிரெஞ்சுக் கம்பெனிக் காசில் எடுத்த படம், கனடாவை ஏன் திட்ட வேண்டும் என்று கேட்பீர்கள். வருகிறேன்.

1939-ல் கனடா தனக்கென்று தேசியத் திரைப்பட வாரியம் ஒன்றை ஏற்படுத்தியது. முதல் தலைவர் ஜான் கிரியர்சன். ஃபிளாஹெர்ட்டியின் இன்னொரு படத்துக்கு 1926-ல் விமர்சனம் எழுதியபோது 'டாகுமெண்டரி' என்ற சொல்லைப் புழக்கத்துக்குக் கொண்டுவந்தவர் இவர்தான். நாட்டை நாட்டு மக்களுக்கும் வெளியுலகத்துக்கும் எடுத்துக்காட்டுவதுதான் வாரியத்தின் வேலை. நல்ல வேலைதான். சினிமாவை இவ்வளவு மரியாதையாக நடத்திய அரசாங்க நிறுவனங்கள் உலகத்தில் குறைவு. அந்த வாரியத்துக்காக டக்ளஸ் வில்கின்சன் என்பவர் 1952-ல் 'லேண்ட் ஆஃப் தி லாங் டே' என்ற படம் எடுத்தார். நாயகர் ஜோசப் இட்லௌட், பாஃபின் தீவில் பேர்பெற்ற வேட்டைக்காரர். படம் நாடு முழுக்க ஓடியது. அவருக்கு அவ்வளவு பேர் வந்தது. எவ்வளவு என்றால், வில்கின்சன் எடுத்த ஒரு புகைப்படத்தை வைத்து, இட்லௌட்டும் அவர் கூட்டத்தாரும் கயாக் படகுகளோடு வேட்டைக்குக் கிளம்பும் காட்சியை 1970-களில் கனடாவின் இரண்டு டாலர் நோட்டின் பின்பக்கம் அச்சடித்தார்கள். தேசத்தின் ரூபாய் நோட்டில் ஏறுவது சாதாரண விஷயமா!

நோட்டு வந்தபோது இட்லௌட் உயிரோடு இல்லை. அவரும் ரெசொல்யூட்டுக்குக் குடிபெயர்ந்தவர். அங்கே ராணுவ விமானத்தளத்தின் ஓரத்தில், வேட்டைக்காரன் என்ற கௌரவம் போய், குடியில் விழுந்து, 1968-ல் விபத்தில் செத்தார். 1990-ல் அதே வாரியம் 'பிட்வீன் டூ வோர்ல்ட்ஸ்' என்று அவர் கதையை மறுபடி எடுத்தது. இதை நான் வாரியத்தின் பெருமையாகவே சொல்கிறேன். தன் பழைய படத்தின் நாயகனுக்கு என்ன ஆயிற்று என்று திரும்பிப் போய்ப் பார்க்கிற தைரியம் எத்தனை அரசாங்கங்களுக்கு இருக்கிறது? ஜோசஃபியின் மகள் மார்த்தா ஃபிளாஹெர்ட்டி தன் நாடுகடத்தல் கதையைச் சொல்லும் 'மார்த்தா ஆஃப் தி நார்த்' படத்திலும் வாரியத்தின் பங்கு உண்டு. தாத்தாவின் படம் உலகம் முழுக்கத் தெரியும். பேத்தியின் படம் உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

நடுவில் இன்னொரு தொகுப்பு. வாத்தியார்கள் கவனிக்க வேண்டியது. 1960-களில் அசேன் பாலிக்சி என்ற மானிடவியலாளரின் வழிகாட்டலில், பெல்லி விரிகுடாப் பகுதியில் நெட்சிலிக் இனுயிட் பற்றி வரிசையாகப் படங்கள் எடுத்தார்கள். அமெரிக்கக் கல்வி நிறுவனமும் கனடா வாரியமும் சேர்ந்த வேலை. அமெரிக்கப் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பாடமாகவே வைத்தார்கள். மீன் அணை, கயாக் கட்டுவது, கல்விளக்கு என்று எல்லாம் அழகாக, பொறுமையாக எடுத்த படங்கள், விளக்கவுரை கிடையாது. ஆனால் நெட்சிலிக் மக்கள் அப்போது அப்படி வாழவில்லை. சுமார் 1919-ல் எப்படி வாழ்ந்தார்களோ அப்படி வாழ்ந்து காட்டச் சொல்லி எடுத்தவை. துப்பாக்கியை ஓரமாக வை, கடைத்துணியைக் கழற்று. அந்தப் பழைய கைவேலை தெரிந்த கடைசித் தலைமுறையைப் பதிந்து வைத்தார்கள், அதற்கு இன்றைய பேரப்பிள்ளைகளே நன்றி சொல்வார்கள். என் கோபம் வகுப்பறைமேல். அதே வருஷத்தில் அதே மனிதர்கள் என்ன சாப்பிட்டார்கள், அவர்கள் பிள்ளைகள் எந்தப் பள்ளிக்குப் போனார்கள் என்று அந்தப் பாடத்தைப் படித்த அமெரிக்கக் குழந்தைக்கு யார் சொன்னார்கள்? அந்தக் காலத்தில் கனடா அரசு இனுயிட் மக்களுக்குப் பேருக்குப் பதிலாக எண் போட்ட வட்டத் தகடு கொடுத்திருந்தது தெரியுமா? 1941-லிருந்து கொடுத்தது. கழுத்தில் எண், திரையில் கயாக்.

சரி, நடிக்கச் சொன்னதுதான் குற்றமா? அண்ணன் மகன் அடுத்த பந்தை அங்கேதான் போட்டான். "அத்தை, நீங்க தலையில தூக்கி வெச்சுக் கொண்டாடுற அடனார்ஜுவாட் மட்டும் என்ன? அதுவும் பழைய காலத்தை நடிச்சுக் காட்டினதுதானே?" நல்ல பந்து. ஒரு நாள் முழுக்க யோசித்தேன்.

யோசிக்கும்போது இக்லூலிக் என்ற ஊர் கைகொடுத்தது. 1970-களில் கனடா அரசு செயற்கைக்கோள் வழியாக வட ஊர்களுக்கெல்லாம் டிவி கொண்டுபோனது. இக்லூலிக் மக்கள் 1975-ல் வாக்கெடுப்பு வைத்து, வேண்டாம் என்றார்கள். 1979-ல் மறுபடி வைத்தார்கள், மறுபடி வேண்டாம் என்றார்கள். வருவதெல்லாம் ஆங்கிலம், எங்கள் இனுக்டிடுட் மொழியில் ஒன்றுமில்லை, பிள்ளைகள் கெட்டுப்போவார்கள் என்று. இனுயிட் ஒலிபரப்பு நிறுவனம் அவர்கள் மொழியில் நிகழ்ச்சி தொடங்கிய பிறகு, 1983-ல்தான் ஊருக்குள் டிவியை விட்டார்கள். ஓசியில் வந்த டிவியை ஒரு ஊரே வாக்குப்போட்டு இரண்டு தடவை திருப்பி அனுப்பியது! நம் ஊரில் சீரியல் நேரத்தில் கரண்ட் போனால் என்ன நடக்கிறது என்று நினைத்துப் பாருங்கள்.

அந்த ஊர்க்காரர் சக்கரியாஸ் குனுக். கல்லில் சிற்பம் செதுக்குகிறவர். 1981-ல் மாண்ட்ரியலுக்குப் போய்ச் சிற்பங்களை விற்று, அந்தக் காசில் ஒரு வீடியோ கேமரா வாங்கிக்கொண்டு வந்தார். பின்னால் நண்பர்களோடு சேர்ந்து இசுமா என்ற படக் கம்பெனி தொடங்கினார். முதியவர்கள் வாய்வழியாகச் சொல்லிவந்த ஒரு பழங்கதையை, ஊர்க்காரர்களே நடித்து, ஊர்ப் பெண்களே தோலாடை தைத்து, முழுக்க இனுக்டிடுட் மொழியில் எடுத்ததுதான் 'அடனார்ஜுவாட்'. 2001-ல் கான் விழாவில் முதல் படத்துக்கான தங்கக் கேமரா விருது வாங்கியது. இதிலும் தேசியத் திரைப்பட வாரியம் கூட்டுத் தயாரிப்பாளர்.

அண்ணன் மகனுக்கு என் பதில் அந்தப் படத்தின் கடைசி இரண்டு நிமிஷத்தில் இருக்கிறது. பேர்கள் ஓடும்போது படப்பிடிப்புக் காட்சிகளையே காட்டுகிறார்கள். சறுக்கு வண்டியில் கேமரா, இக்காலத்து ஜாக்கெட் போட்ட ஆட்கள், காதில் ஹெட்போன். இவ்வளவு நேரம் பார்த்தது நாங்கள் நடித்தது, எங்களுக்கு கேமராவும் பிடிக்கத் தெரியும் என்று பார்ப்பவனிடம் சொல்லிவிடுகிறார்கள். நடித்தவரின் சொந்தப் பேர் திரையில் வருகிறது. ஃபிளாஹெர்ட்டியின் சுருளைக் கழுவ ஐஸில் ஓட்டை போட்டுத் தண்ணீர் சுமந்தவர்களும் இனுயிட்தானே, கேமராவைப் புரிந்துகொண்டு பழுதுபார்த்தவர்களும் அவர்கள்தானே? அவர்களைத் திரையில் எங்கே பார்த்தோம்? நாம் பார்த்தது இசைத்தட்டைக் கடிக்கிற ஆளை. அந்த வித்தியாசம் போதும் எனக்கு.

இதுவரை வாழ்க்கையைப் பற்றிப் பேசிவிட்டேன். விஞ்ஞானத்திலும் இதே வியாதி உண்டு.

2017 கடைசியில் எலும்பும் தோலுமாய் ஒரு பனிக்கரடி தள்ளாடி நடக்கும் வீடியோ வந்ததே, உங்களில் ஒரு பத்துப் பேராவது எனக்கு அனுப்பினீர்கள். கனடாவின் வட தீவு ஒன்றில் எடுத்தது. இதுதான் பருவநிலை மாற்றத்தின் முகம் என்று நேஷனல் ஜியாகிரபிக் எழுத்துப் போட்டு வெளியிட்டது. மறு வருஷம் அதே பத்திரிகை, அந்த ஒரு கரடியின் பட்டினிக்கு இதுதான் காரணம் என்று உறுதியாகச் சொன்னது எங்கள் தவறு என்று ஒப்புக்கொண்டது. கரடிக்கு வயசானதோ, நோயோ, காயமோ, யாருக்கும் தெரியாது. அந்த மறுப்பை ஒருவராவது எனக்கு அனுப்பினீர்களா? ஆர்க்டிக் கடல் பனி சுருங்குவது உண்மை. 1979-லிருந்து செயற்கைக்கோள் அளந்துகொண்டிருக்கிறது. உண்மைக்குப் பொய்ச் சாட்சி எதற்கு? நாளைக்குச் சாட்சி பொய் என்று தெரிந்தால் வழக்கே தோற்றுவிடும்.

இதற்கு நேர் எதிராக ஒரு படம் சொல்கிறேன். குனுக்கும் இயன் மௌரோ என்ற ஆய்வாளரும் சேர்ந்து 2010-ல் எடுத்தது. இனுயிட் அறிவும் பருவநிலை மாற்றமும் என்பதுதான் தலைப்பு. வெவ்வேறு ஊர்களில் உள்ள முதியவர்களை அவர்கள் மொழியிலேயே பேசவிட்டிருக்கிறார்கள். பனி தடிமன் குறைந்தது, சீலின் தோல் மாறியது, காற்றின் திசை மாறியது என்று சொல்லிக்கொண்டே வந்தவர்கள், ஊருக்கு ஊர் இன்னொன்றும் சொன்னார்கள்: சூரியன் முன்பு மறைந்த இடத்தில் இப்போது மறைவதில்லை, நட்சத்திரங்களும் இடம் மாறிவிட்டன, பூமியே சாய்ந்துவிட்டது. விஞ்ஞானிகள் பக்கத்திலிருந்து முதலில் கேலி வந்தது. பூமி சாயவில்லைதான். ஆனால் கிழவர்கள் பார்த்தது பொய்யில்லை. தரையை ஒட்டிய குளிர்க் காற்றின்மேல் வெப்பக் காற்று அடுக்காகப் படியும்போது ஒளி வளையும். அடிவானத்துச் சூரியன் இடம் மாறி, உயரத் தெரியும். காற்றடுக்குகள் மாறினால் காட்சியும் மாறும்.

ஞாபகம் இருக்கிறதா? கிண்ணத்தில் நாணயம் போட்டு, அது கண்ணுக்கு மறையும் மட்டும் உங்களைப் பின்னால் போகச் சொல்லி, தண்ணீர் ஊற்றுவேன். நாணயம் மேலே எழும்பி வரும். "ஐய்!" என்பீர்கள். அதே ஒளிவிலகல். 1597 ஜனவரியில் நோவயா ஜெம்லியா தீவில் பனியில் மாட்டிக்கொண்ட பாரென்ட்ஸின் டச்சு மாலுமிகள், வர வேண்டிய நாளுக்கு இரண்டு வாரம் முன்பே சூரியனைப் பார்த்தோம் என்று எழுதி வைத்தார்கள். அவர்களையும் பொய்யர் என்றார்கள். அவர்கள் கண்டதும் மெய்தான்.

தினமும் அடிவானத்தைப் பார்த்துத்தான் வீடு திரும்ப வேண்டும் என்ற நிலையில் இருக்கிற மனிதனின் கண் எவ்வளவு கூர்மையான கருவி! முக்கால் நூற்றாண்டுக்கு மேல் அந்தக் கண்களைப் படம் பிடித்தார்கள், அவை என்ன பார்த்தன என்று கேட்கவில்லை. அதே முதியவர்கள், கரடிக்குக் கழுத்துப்பட்டை மாட்டுவதையும் ஹெலிகாப்டரில் துரத்துவதையும் கண்டித்துப் பேசுகிறார்கள். எங்கள் பக்கம் கரடி குறையவில்லை என்றும் சொல்கிறார்கள். அதில் ஆய்வாளர்களோடு அவர்களுக்குச் சண்டை உண்டு, சண்டை தீரவில்லை. யார் சரி என்று நான் தீர்ப்புச் சொல்ல முடியாது. பிள்ளைகள் இரண்டு பக்கமும் கேட்கட்டும் என்கிறேன்.

இன்னும் ஒரு படம் சொல்லிவிட்டு முடிக்கிறேன். அலெத்தியா அர்னாகுக்-பாரில் என்ற இனுயிட் பெண் 2016-ல் எடுத்த 'ஆங்ரி இனுக்'. வெள்ளை சீல் குட்டியின் ஈரக் கண்களைப் போட்டு உலகம் முழுக்க நன்கொடை கேட்ட சுவரொட்டிகளைப் பார்த்திருப்பீர்கள். அந்தக் குட்டிகளை வியாபாரத்துக்காகக் கொல்வதை 1987-லேயே கனடா தடை செய்துவிட்டது. இனுயிட் வேட்டையாடுவது பெரும்பாலும் வளர்ந்த வேறு வகை சீல், கறி சாப்பாட்டுக்கு, தோல் விற்பனைக்கு. 2009-ல் ஐரோப்பா சீல் பொருள்களைத் தடை செய்தபோது இனுயிட்டுக்கு விலக்கு கொடுத்தது. சந்தையே செத்த பிறகு விலக்கை வைத்து என்ன செய்வது? கடையில் ஒரு முட்டைக்கோசு விலை கேட்டால் மயக்கம் வரும் ஊர்கள் அவை. ஒரு குட்டியின் முகம் ஒரு ஜனத்தின் பிழைப்பைத் தின்றது என்று அந்தப் பெண் கேமராவைத் தானே பிடித்துக்கொண்டு கேட்கிறாள். என் வீட்டில் இரண்டு பேர் சைவத்துக்கு மாறியவர்கள் உண்டு. பார்த்துவிட்டு என்னோடு சண்டைக்கு வாருங்கள், காபி போட்டு வைக்கிறேன்.

தலைமையாசிரியர் மாணவனிடம் நேற்று மறுபடி பேசினேன். 'அடனார்ஜுவாட்' பெரியவர்களுக்கான படம், பிள்ளைகளுக்குப் போடாதே என்று எச்சரித்துவிட்டேன். வெள்ளிக்கிழமை போடப்போவது குனுக்கின் பருவநிலைப் படம். இசுமாவின் இணையதளத்திலேயே இருக்கிறது. அதற்கு முன்னால் 'நானூக்' படத்தில் பனிவீட்டுக்குள் குடும்பம் தூங்கி எழும் காட்சி மட்டும். ஆமாம், அதைப் போடச் சொன்னதும் நான்தான். போட்டு நிறுத்திவிட்டு, மூடிய பனிவீட்டுக்குள் இவ்வளவு வெளிச்சம் எங்கிருந்து வருகிறது என்று கேட்கச் சொல்லியிருக்கிறேன். எட்டாம் வகுப்புப் பிள்ளை கண்டுபிடித்துவிடும். நான் அன்று உங்களைக் கேட்கவில்லை.

ஆங்கில எழுத்துகளைத் தமிழில் சொல்ல ஆள் வேண்டுமாம். நானே போகிறேன். கிண்ணமும் ஒரு ரூபாய் நாணயமும் பையில் எடுத்து வைத்துவிட்டேன்.

பழைய பூகோள நோட்டு யாரிடமாவது இன்னும் இருந்தால், லெம்மிங் எலி பற்றி எழுதிய பக்கத்தை எடுத்து, என் சிவப்பு மைக் கையெழுத்துக்குக் குறுக்கே ஒரு கோடு போட்டு, போட்டோ எடுத்து இங்கே போடுங்கள்.